‘போட’ என்ற ஒரு சொல்: எங்கள் விளையாட்டுக் குழுவில் எழுத்துச் சாட்டால் வந்த பிணக்கு

2022 ஏப்ரல் முதல் ஓகஸ்ட் வரை எங்கள் கில்டில், அதாவது ஒன்லைன் விளையாட்டு ஒன்றைச் சேர்ந்து ஆடுகிற எங்கள் குழுவில், நடந்ததை இங்கே எழுதி வைக்கிறேன். சம்பந்தப்பட்ட இருவரிடமும் இதைக் காட்டி, அவர்கள் சரி என்று சொன்ன பிறகுதான் வெளியிடுகிறேன். ஆட்களின் பெயரையும் விளையாட்டின் பெயரையும் விட்டிருக்கிறேன். விளையாட்டுக்குள் தமிழில் தட்டிப் பேசுகிற எந்தக் குழுவுக்கும் இதே சிக்கல் வரலாம்.

பின்னணி

2020 மார்ச்சில் கொரோனா ஊரடங்கு போட்டபோது யாழ்ப்பாணத்தில் வீட்டுக்குள் அடைபட்டிருந்த ஆறு பேர் சேர்ந்து தொடங்கிய கில்ட் இது. ஆளுக்கொரு பாத்திரம் எடுத்து, ஐந்து ஐந்து பேராகக் குகைக்குள் இறங்கி, கடைசியில் நிற்கிற பெரிய எதிரியான பொஸ்ஸை விழுத்த வேண்டும். டாங்க் முன்னுக்கு நின்று அடி வாங்குவார். ஹீலர் மற்றவர்களின் உயிர்க்கோடு இறங்க இறங்க ஏற்றிவிடுவார். மிச்ச மூன்று பேரும் அடிப்பார்கள். இரண்டு வருடத்தில் 23 பேர் ஆகிவிட்டோம். பாதிப்பேர் கோண்டாவில், சாவகச்சேரி, பருத்தித்துறைப் பக்கம். மற்றவர்கள் ரொறொன்ரோ, லண்டன், பாரிஸ். திருச்சியில் இருந்தும் இரண்டு பேர். கில்டை நடத்துகிற பொறுப்பு என்னிடம் இருந்தது.

நாங்கள் எழுதித்தான் பேசினோம். அதை யாரும் கூடி முடிவெடுக்கவில்லை, தானாக அமைந்தது. ஊரில் எங்களுக்கு இரவு 9 மணி என்றால் லண்டனில் மாலை 4.30, ரொறொன்ரோவில் காலை 11.30. அந்த நேரத்தில் எங்கள் வீடுகளில் ஆட்கள் படுக்கப் போய்விடுவார்கள். அம்மம்மாவோடு ஒரே அறையில் படுக்கிற பிள்ளை மைக் போட்டு ஆம்பிளைப் பிள்ளைகளோடு கதைத்தால் வீட்டில் என்ன நடக்கும் என்பதை விளக்கத் தேவையில்லை. எனக்கும் எழுத்துத்தான் நிம்மதி. முன்பு வேறொரு குழுவில் என் குரல் கேட்டவுடன் பேச்சு எந்தப் பக்கம் திரும்பியது என்பது எனக்கு மறக்கவில்லை.

ஆனால் விளையாட்டுக்குள் தமிழ் எழுத்து வராது, கட்டம் கட்டமாகத்தான் தெரியும். ஆகவே தமிழை இங்கிலிஷ் எழுத்தில் தட்டுவோம். அதில் குறிலும் நெடிலும் கலந்துவிடும். ‘விடு’வும் ‘வீடு’ம் ஒன்றாகிவிடும், ‘வழி’யும் ‘வலி’யும் ஒன்றாகிவிடும். நாங்கள் ‘வாங்கோ’ என்கிற இடத்தில் திருச்சிக்காரர் ‘வாங்க’ என்பார். குகை வாசலில் நின்று அவர் எங்களைக் கூப்பிட, எங்கள் ஆள் ஒருவர் மருந்து வாங்கச் சொல்கிறார் என்று நினைத்துக் கடைக்குப் போயிருக்கிறார். யாழ்ப்பாணத்தில் நீ என்றும் சொல்லாமல் நீங்கள் என்றும் சொல்லாமல் இடையில் ‘நீர்’ என்று ஒன்று வைத்திருக்கிறோமே, அது அவருக்குத் தண்ணீர். இப்படி ஏதாவது வரும், சிரித்துவிட்டுப் போவோம். அந்தச் சிரிப்பில் ஒரு எச்சரிக்கை இருந்ததை நான் கவனித்திருக்க வேண்டும்.

இந்தப் பதிவில் இரண்டு பேர் முக்கியம். ஹீலர் தென்மராட்சிப் பக்கத்துக்காரர், நாற்பதை நெருங்கியவர், எல்லாருக்கும் அண்ணை. எவ்வளவு அவசரத்திலும் சொல்லை முழுசாகத் தட்டி முற்றுப்புள்ளி வைப்பார். டாங்க், உயர்தரம் படிக்கிற 17 வயதுப் பையன். கை வேகம். பாதிச் சொல்லிலேயே என்டரை அழுத்துவான்.

ஏப்ரல் 2, சனிக்கிழமை இரவு

இலங்கையில் பொருளாதார நெருக்கடிக் காலம் அது. அன்று மாலை 6 மணிக்கு நாடு முழுக்க 36 மணித்தியால ஊரடங்கு தொடங்கியது. அந்த வாரத்தில் ஒரு நாள் மின்வெட்டு 13 மணித்தியாலம் இருந்தது. எல்லாரும் சோர்ந்து, எரிச்சலோடு இருந்த காலம். வெளியே போக முடியாது, கரண்ட் இருக்கிறது, அப்ப விளையாடுவோம் என்று சேர்ந்தோம்.

போன பொஸ் எங்களுக்குப் புதிது. அது சிவப்பாக மாறுகிற 10 விநாடிக்கு யாரும் ஹீல் போடக்கூடாது. போட்டால் அந்த உயிர் பொஸ்ஸுக்குப் போய்ச் சேரும். இது பையனுக்குத் தெரியும், அண்ணைக்கு அரைகுறையாகத்தான் தெரியும். பொஸ் சிவந்தது. சாட் பதிவில் அந்த இடம் இப்படி இருக்கிறது, தமிழாக்கித் தருகிறேன்:

9.41.08 ஹீலர்: இப்ப ஹீல் போடவா?
9.41.11 டாங்க்: போட
9.41.15 டாங்க்: வேண்டாம்
9.41.31 ஹீலர்: சரி.

பையன் சொல்ல வந்தது ‘போட வேண்டாம்’. அண்ணையின் திரையில் வந்தது பி, ஓ, டி, ஏ என்ற நாலு எழுத்து. அதை அவர் ‘போடா’ என்று வாசித்தார். நாலு விநாடி கழித்து ‘வேண்டாம்’ என்று தனியாக ஒரு வரி வந்தது. அந்த இரண்டாவது வரி முதலாவதைத் திருத்தியிருக்கலாம். ஆனால் போடா என்று ஒருமுறை வாசித்த கண்ணுக்கு அடுத்து வருகிற வேண்டாம், ‘நீ எங்களுக்கு வேண்டாம்’ என்றுதான் படும். நானும் அந்த இடத்தில் அப்படித்தான் வாசித்திருப்பேன்.

அவர் கையை எடுத்துவிட்டார். சிவப்பு மாறிய பிறகும் ஹீல் வரவில்லை. ஐந்து பேரும் விழுந்தோம். ‘சரி.’ என்று எழுதிவிட்டுக் குழுவை விட்டுப் போனார். பாரிஸில் இருந்தவர், ‘தம்பி, வயசுக்கு மூத்த ஆளை என்ன கதை கதைக்கிறாய்?’ என்று கேட்டார். பையனிடமிருந்து பதில் இல்லை. 9.43க்கு அவன் தொடர்பு அறுந்து போனதாகத் திரையில் வந்தது. அவன் வீட்டில் கரண்ட் போய்விட்டது. எங்களுக்கு அது தெரியாது. திட்டிவிட்டு ஓடிவிட்டான் என்றுதான் எல்லாரும் எடுத்துக்கொண்டோம்.

மறுநாள் பதிவை வாசித்தபோது

நள்ளிரவு கடந்ததும் நாட்டில் வட்ஸ்அப், பேஸ்புக் எல்லாம் முடக்கப்பட்டன. ஞாயிறு பிற்பகல்தான் திரும்பின. சண்டையைத் தீர்க்க வேண்டிய முக்கால் நாளில் ஊரில் இருந்தவர்களால் ஒரு வரிகூட எழுத முடியவில்லை. வெளிநாட்டில் இருந்தவர்கள் எங்கள் குழுவில் எழுதிக்கொண்டே இருந்தார்கள். எங்கள் மௌனத்துக்கும் அவர்கள் ஒரு பொருள் எடுத்தார்கள்.

நான் அந்த நேரத்தில் விளையாட்டு சேமித்து வைத்த சாட் கோப்பைத் திறந்து பின்னோக்கி வாசித்தேன். முதலில் தேடியது, பையன் அண்ணைக்கு எப்போதாவது ‘டா’ போட்டிருக்கிறானா என்று. இரண்டு வருடப் பதிவில் ஒருமுறைகூட இல்லை. அவசரத்தில் ‘அண்’ என்று நிற்பான், அதற்குக் கீழே இறங்கியதில்லை.

அடுத்தது, அவன் ஏன் வரியை உடைத்தான் என்பது. சாட் பெட்டி திறந்திருக்கும்போது நடக்கிற, அடிக்கிற விசைகள் எல்லாம் பெட்டிக்குள் எழுத்தாகத்தான் விழும். தட்டுகிற நேரம் முழுக்க டாங்க் மரம்போல நிற்பான். எனவே ஒரு சொல் தட்டி, என்டர் அழுத்தி, ஒரு அடி தடுத்து, திரும்பத் திறந்து அடுத்த சொல்லைத் தட்டுகிறான். நல்ல டாங்க் எவனும் இப்படித்தான் எழுதுவான். பிழை அவன் பழக்கத்தில் மட்டும் இல்லை.

மூன்றாவதாகக் கண்டதுதான் என்னை உட்கார வைத்தது. தமிழில் மறுப்பு கடைசியில் வருகிறது. போட வேண்டாம், ஓடக் கூடாது, அடிக்க இல்லை. வரி நடுவில் அறுந்தால் கையில் மிஞ்சுவது சொல்ல வந்ததற்கு நேர் எதிரானது. இங்கிலிஷில் ஹீல் போடாதே என்று எழுதுகிறவருக்கு அந்த ‘டோன்ட்’ முன்னுக்கே வந்துவிடும், மிச்சம் அறுந்தாலும் கேட்கிறவர் கையை நிறுத்துவார். பதிவில் தேடினால் இப்படி ‘வேண்டாம்’ தனியாக அடுத்த வரிக்குப் போன இடங்கள் நிறைய. பெரும்பாலும் ஒருவரும் சாகவில்லை, அதனால் ஒருவரும் கவனிக்கவில்லை.

பின்னேரம் பையனுக்கு போன் எடுத்தேன். அவனுக்கு நடந்ததே தெரியாது. சொன்னதும் குரல் உடைந்துவிட்டது. “அக்கா, நான் அண்ணைக்கு அப்பிடிச் சொல்லுவேனா?”

பதிவைப் படம் பிடித்து அண்ணைக்கு அனுப்பினேன். ‘விளங்குது. பரவாயில்லை.’ என்று பதில் வந்தது. முடிந்தது என்று நினைத்தேன்.

முதல் முடிவு: மைக்

வட்ஸ்அப் திரும்ப வந்தபோது நூற்றுக்கு மேல் செய்திகள் நின்றன. வெளிநாட்டுப் பக்கம் ஏறக்குறைய முடிவே எடுத்துவிட்டது. எழுத்தில் தொனி இல்லை, அதனால்தான் இந்தச் சண்டை. இனிக் குகைக்குள் போகிறவர்கள் எல்லாரும் டிஸ்கோர்ட் என்ற குரல் அரட்டைச் செயலியில் மைக் போட வேண்டும். லண்டன் அண்ணா ஒருவர், ‘எழுத்து எல்லாம் பழைய காலம்’ என்று எழுதியிருந்தார்.

நான் ஒத்துக்கொண்டேன். காரணங்கள் நியாயமாகத்தான் தெரிந்தன. குரல் வேகம், கை இரண்டும் விசையில் இருக்கும், ‘போட’வும் ‘போடா’வும் காதுக்கு ஒருநாளும் ஒன்றாகக் கேட்காது. இன்னொரு சண்டையைத் தாங்க எனக்குத் தெம்பும் இல்லை. பேச முடியாத பிள்ளைகள் கேட்டுக்கொண்டு மட்டும் இருக்கலாம் என்று ஒரு சலுகை வைத்தோம். கேட்பது எல்லாருக்கும் முடியும் என்று எடுத்துக்கொண்டோம்.

மூன்று வாரம்

ஏப்ரல் 9 முதல் குரலில் போனோம். முதல் இரண்டு தடவையும் நன்றாகப் போனது. பையனும் தெளிவாகச் சொன்னான். அண்ணை ஒவ்வொரு முறையும் வந்தார், குரல் அறையில் அவர் பெயர் இருக்கும், பக்கத்தில் மைக் மூடிய அடையாளம் இருக்கும். ஒரு வார்த்தை பேசவில்லை. பழக்கமான குகைகளில் அவர் ஹீல் பழையபடி துல்லியம். புதிதாக ஏதும் நடந்து யாராவது கத்திச் சொன்னால் மட்டும் அவர் பிந்தினார். ஓடு என்றால் நின்றார். நில் என்றால் ஹீல் போட்டார்.

இதை நாங்கள் கோபம் என்று வாசித்தோம். முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு வேண்டுமென்றே செய்கிறார் என்று ஒருவர் குரலிலேயே சொன்னார், அவரும் அறையில் இருக்கும்போது. பையன் இரண்டு தடவை மன்னிப்புக் கேட்டான், அதுவும் மைக்கில். பதில் வராததால் அவன் நொந்து போனான். மூன்றாவது வாரம் திருச்சியில் இருந்து இன்னொரு ஹீலரை எடுத்தோம். அண்ணையிடம், ‘இந்த முறை ஓய்வெடுங்கோ’ என்று எழுதியது நான்தான். ‘சரி.’ என்றார்.

ஏப்ரல் 30 இரவு அவர் தனியாக ஆற்றங்கரையில் நின்று மீன் பிடித்துக்கொண்டிருந்தார். விளையாட்டில் அப்படி ஒரு வேலை உண்டு, ஆட்கள் சும்மா இருக்கிற நேரத்தில் செய்வது. பக்கத்தில் போய் நின்று தனிச் செய்தியில், ‘அண்ணை, இன்னும் கோவமோ?’ என்று கேட்டேன். கொஞ்ச நேரம் ஒன்றும் வரவில்லை. அப்புறம் ஒவ்வொரு வரியாக, புள்ளி வைத்து, வந்தது.

‘கோவம் இல்லை தங்கச்சி.’
‘எனக்குக் காது கேளாது.’
‘ரெண்டு வருசமா நீங்கள் ஒருத்தரும் கேக்கேல்லை. நானும் சொல்லேல்லை.’
‘எழுத்தில அதுக்குத் தேவை வரேல்லை.’

மீன் தூண்டில் ஆடியதை அவர் பார்க்கவில்லை போல, கயிறு அறுந்து தண்ணீரில் போனது. நான் என்ன பதில் எழுதினேன் என்று பதிவில் இருக்கிறது, அதை இங்கே போடவில்லை. நல்ல பதில் இல்லை.

இரண்டாவது முடிவு

அன்றிரவே குழுவில் எழுதினேன். மைக் விதியை எடுக்க வேண்டும் என்றேன். லண்டன் அண்ணா மறுத்தார். அவருக்கு நான் சொன்னது, இந்த வகை விளையாட்டே எழுத்தில் பிறந்தது என்று. 1978இல் எசெக்ஸ் பல்கலைக்கழகத்தில் ரோய் ட்ரப்ஷா தொடங்கி ரிச்சர்ட் பார்ட்டில் வளர்த்த ‘மட்’டில் படமே கிடையாது, குகையும் வாளும் கூட வந்த ஆட்களும் எல்லாம் எழுத்து. அவர் அசையவில்லை. வாதத்தில் வெல்ல வேண்டும் என்ற வேகத்தில் நான் அடுத்த வரியைத் தட்டினேன்: ‘அண்ணைக்குக் காது கேளாது. அவரை வெளியே தள்ளிப்போட்டு நாங்கள் என்ன விளையாட்டு விளையாடுறம்?’

வாதம் அந்த இடத்தில் முடிந்தது. அவரிடம் கேட்காமல் அவருடைய விசயத்தை 21 பேருக்குச் சொல்லிவிட்டேன் என்பது அடுத்த நாள்தான் உறைத்தது. அவருக்கு மன்னிப்புச் செய்திகள் குவிந்தன. அவர் ஒரு வாரம் விளையாட்டுப் பக்கமே வரவில்லை.

அந்த வாரத்தில் எழுத்துக்கு எப்படித் திரும்புவது என்று யோசித்தோம். வெறுமனே பழையபடி போனால் அதே ‘போட’ திரும்ப வரும். ரொறொன்ரோவில் இருந்தவர் ஃபைனல் ஃபேன்டஸி 14 என்ற ஒன்லைன் விளையாட்டை விளையாடியவர். அதில் டாப் விசையை அழுத்தித் தயார்ச் சொற்றொடர் ஒன்றைத் தேர்ந்தால், ஜப்பானியர் ஜப்பானிய மொழியிலும் ஜெர்மன்காரர் ஜெர்மனிலும் அதைப் பார்ப்பார்கள். எழுத்துப் பிழைக்கே இடமில்லை. எங்கள் விளையாட்டில் அது இல்லை, ஆனால் ஒரு விசைக்கு ஒரு வரியை முன்கூட்டியே எழுதி வைக்கலாம். சண்டைக்குத் தேவையான ஏழு வரிகளை அப்படி விசையில் போட்டோம். டாங்க் இனிப் பெட்டியைத் திறக்கவே வேண்டாம், ஒரு தட்டில் முழு வரியும் போகும்.

அந்த ஏழு வரியிலும் மறுப்பை முன்னுக்குக் கொண்டுவந்தோம். ‘வேண்டாம் ஹீல்’, ‘வேண்டாம் ஓட்டம்’. பேசுகிற தமிழில் இது முறையில்லை, காதுக்கு இடிக்கும். ஆனால் முதல் சொல்லிலேயே கை நிற்கும். கையால் தட்டும்போதும் இதே ஒழுங்கு.

நெடிலுக்கு எழுத்தை இரட்டிக்க வேண்டும் என்றும் வைத்தோம், குழுச் சாட்டில் டா, டி கிடையாது என்றும் வைத்தோம். இரண்டாவது உடனே பிடித்தது, முதலாவது இன்றுவரை பாதிப்பேர் செய்வதில்லை. கரண்ட் போகிற நேரம் தெரிந்தால் முதலே சாட்டில் எழுத வேண்டும் என்றது மிகவும் உதவியது. கில்டின் அறிவிப்புப் பலகையில் ஒவ்வொருவரின் மின்வெட்டு நேரத்தையும் யாழ்ப்பாண நேரத்தில் போட்டோம்.

மைக்கை முழுதாக விடவில்லை. பேச விரும்புகிறவர் பேசட்டும், சொன்னதை ஒருவர் தட்டட்டும் என்று பார்த்தோம். அது சரிவரவில்லை. தட்டுகிறவர் எப்போதும் நாலைந்து விநாடி பின்னால் இருந்தார், நாலு விநாடியில் ஐந்து பேரும் செத்துவிடுவோம். இரண்டாவது தடவையே கைவிட்டோம். சண்டை முடிந்த பிறகு சும்மா கதைக்க மட்டும் குரல்.

அதன் பின்

அண்ணை மே நடுப்பகுதியில் திரும்பினார். பையன் அவருக்குத் தனியாக வட்ஸ்அப்பில் தமிழ் எழுத்திலேயே எழுதினான், ஒரு பக்கம் வரும். அதில் என்ன இருந்தது என்று இருவரும் சொல்லவில்லை. பதிலாக அண்ணை எழுதியதை மட்டும் பையன் காட்டினான்: ‘தம்பி, உம்மடை டாங்க் இல்லாமல் எனக்கு ஹீல் போட ஆளில்லை.’

அதே பொஸ்ஸை ஜூன் மாதத்தில் விழுத்தினோம். சிவந்தபோது ‘வேண்டாம் ஹீல்’ என்று ஒரே வரி வந்தது. 10 விநாடியும் யாரும் அசையவில்லை. முடிந்ததும் சாட்டில் ஐந்து பேரும் ஒரே நேரத்தில் தட்டியதால் ஒருவர் எழுதியதையும் வாசிக்க முடியவில்லை.

லண்டன் அண்ணா ஜூலையில் வேறு கில்டுக்குப் போனார், நல்லபடியாகச் சொல்லிவிட்டு. மைக் இல்லாமல் அவருக்குச் சுவை இல்லை என்றார், அதுவும் உண்மைதான். அம்மம்மாவோடு படுக்கிற பிள்ளை மைக் காலத்தில் ஒதுங்கியிருந்தவள், ஓகஸ்டில் திரும்பி வந்து இப்போது இரண்டாவது ஹீலர்.

திரும்பச் செய்வதானால்

சண்டை நடந்த இரவே பையனுக்கு போன் எடுத்திருப்பேன். தொடர்பு அறுந்தது என்று திரை சொன்னதை, ஓடிவிட்டான் என்று நாங்கள் மாற்றி வாசித்தோம். அந்த மாதங்களில் ஊரில் யார் தொடர்பு அறுந்தாலும் முதலில் நினைக்க வேண்டியது கரண்டைத்தான்.

மைக்குக்கு மாறும் முன் மற்ற 22 பேரிடமும் தனித்தனியாக, காரணம் கேட்காமல், ‘உங்களுக்கு இது சரிவருமா?’ என்று மட்டும் கேட்டிருப்பேன். இல்லை என்று ஒருவர் சொன்னால் போதும், ஏன் என்று தெரிய வேண்டியதில்லை. அவர் தன் காதைப் பற்றி ஒருவருக்கும் சொல்லாமலே எழுத்து நிலைத்திருக்கும்.

அதைத்தான் நான் கெடுத்தேன். ஓகஸ்டில் ஒருநாள் அவரிடம் நேராக மன்னிப்புக் கேட்டேன். அவர் கோபப்படவில்லை. பழையபடி ஒவ்வொரு வரியாக எழுதினார்.

‘நீர் நல்லதுக்குத்தான் சொன்னீர்.’
‘முந்தி எல்லாரும் சும்மா எழுதினவை.’
‘இப்ப எனக்காக எழுதுகினம்.’
‘அது வேறை தங்கச்சி.’

இப்போது கில்டில் புதிதாகச் சேருகிறவர்களுக்கு எழுத்துதான் எங்கள் வழக்கம் என்று மட்டும் சொல்கிறோம். ஏன் என்று கேட்டால், இரவு நேரம், வீட்டில் ஆட்கள் படுத்திருப்பார்கள் என்கிறேன்.